கணவாய்க்கு முள்ளந்தண்டு இருக்கிறதா?

ஆசிரியர் அவர்களுக்கு,

தரம் 7 படிக்கும் என் மகள் மீன், ஈரூடகவாழி, ஊர்வன, பறவை, முலையூட்டி என்று முள்ளந்தண்டுளிகளின் ஐந்து கூட்டங்களையும் மூச்சு விடாமல் ஒப்புவிப்பாள். போன சனிக்கிழமை வெள்ளவத்தைச் சந்தையில் வாங்கி வந்த கணவாயைக் குசினியில் வெட்டும்போது, இது எந்தக் கூட்டம் என்று கேட்டேன். "மீன்தானே அம்மா, மீன்கடையில்தானே வாங்கினீங்கள்" என்றாள்.

சரி, நீயே பார் என்று கையில் கொடுத்தேன். உள்ளேயிருந்து அந்த வெள்ளை ஓட்டை உருவி எடுத்து நகத்தால் சுரண்டினாள், சோக்குக்கட்டி போலப் பொடிந்தது. "அப்ப இதுதான் முள்ளந்தண்டா?" எத்தனை நல்ல கேள்வி! பக்கத்தில் கிடந்த பாரை மீனின் முள்ளை எடுத்து வைத்துப் பார்த்தோம், அது துண்டு துண்டாகக் கோத்தது, வளைகிறது; இது ஒரே ஓடு, கணவாய் மிதக்க உதவுவது. நத்தைக்கும் சிப்பிக்கும் வெளியே இருக்கிற ஓடு இதற்கு உள்ளே இருக்கிறது, அதனால் கணவாய் அவற்றின் உறவுக்காரன் என்று சொன்னதும் அவள் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

வகுப்பில் இந்தக் கேள்விக்கு இடமே இல்லை. கரும்பலகையில் அட்டவணை, வினாத்தாளில் 'பொருத்துக', அவ்வளவுதான். வௌவால் முலையூட்டி என்று பாடமாக்கிய பிள்ளைக்கு, விகாரமகாதேவிப் பூங்கா மரங்களில் தொங்குகிற வௌவாலின் உடம்பில் இருப்பது இறகா மயிரா என்று நிமிர்ந்து பார்க்கத் தோன்றுவதில்லை. திமிங்கிலத்தை மீன் என்று எழுதினால் உடனே சிவப்புப் பேனாவால் வெட்டிவிடுகிறார்கள். உயிர்களை வகைப்படுத்திப் பெயரிட்ட விஞ்ஞானி லின்னேயஸே 1735 இல் அதை மீன்களோடுதான் சேர்த்தார், முலையூட்டிகளுக்குள் கொண்டுவந்தது 1758 இல். ஏன் அப்படி நினைத்தாய் என்று பிள்ளையிடம் ஒரு வார்த்தை கேட்டால் என்ன?

நம் தொல்காப்பியம் உயிர்களை அறிவின் எண்ணிக்கையால் பிரித்து, நண்டையும் தும்பியையும் ஒரே இடத்தில் வைத்தது. இன்றைய விஞ்ஞானத்திலும் இரண்டும் ஒரே கூட்டம், மூட்டுள்ள கால்களைக் கொண்ட கணுக்காலிகள்தான், ஆனால் காரணம் வேறு. எதை வைத்துப் பிரிக்கிறோம் என்பதுதான் பாடம், பெயர்கள் பிறகு தானாக வரும்.

விஞ்ஞான ஆசிரியர்களிடம் நான் கேட்பது ஒரேயொரு பாடவேளை. ஒரு நண்டு, ஒரு இறால், ஒரு சூடை மீன், ஒரு கணவாய், நான்கையும் மேசையில் வைத்துவிட்டு, பெயர் எதுவும் சொல்லாமல் பிள்ளைகளையே பிரிக்கச் சொல்லுங்கள்.

ஒரு தாய்,
வெள்ளவத்தை, கொழும்பு 6