பார்க்க ஆளில்லாத கூத்து

அன்புள்ள மலருக்கு,

பாலியிலிருந்து நீ அனுப்பிய படங்களில் ஒன்று இரண்டு நாளாக மனதிலேயே நிற்கிறது. பட்டப்பகல், கோயில் முற்றம், ஒருவர் தோல்பாவைகளை ஆட்டிக்கொண்டிருக்கிறார். திரை இல்லை, விளக்கும் இல்லை. "பாவம் சித்தி, ஒருத்தர்கூடப் பார்க்கல" என்று எழுதியிருந்தாய்.

அதன் பெயர் வாயாங் லெமா. இரவில் ஊர் கூடிப் பார்க்கும் நிழற்கூத்து வேறு. இது சடங்கின் ஒரு பகுதி. பூசகர் ஒருபுறம் மந்திரம் சொல்ல, டாலாங் எனப்படும் பாவையாட்டி இன்னொருபுறம் கதை நடத்துவார். படத்தைக் கொஞ்சம் பெரிதாக்கிப் பார். இரண்டு கிளைகளுக்கு நடுவே வெள்ளை நூல் கட்டியிருக்கும். அந்தக் கிளைகள் டாடாப், நம் கல்யாண முருங்கையின் இனம். திரை இருக்கவேண்டிய இடத்தில் அந்த நூல் மட்டும்தான். பார்க்க வந்திருப்பவர்கள் தெய்வங்களும் முன்னோர்களும். அவர்களுக்கு நிழல் எதற்கு? பக்கத்தில் மனிதர்கள் தங்கள் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தால் அது கலைஞருக்கு அவமானம் இல்லை. ஆட்டம் நம்மை நோக்கி ஆடப்படவில்லை, அவ்வளவுதான்.

கண்ணுக்குத் தெரிவதை செகாலா என்பார்கள், தெரியாததை நிஸ்காலா. வாய்விட்டுச் சொல்லிப் பார், சகளம், நிட்களம்! உருவையும் அருவையும் குறிக்க நம் சைவ சித்தாந்தம் ஆளும் அதே வடசொற்கள். நம்மிடம் அவை நூல்களுக்குள் ஒதுங்கிவிட்டன, அங்கே அன்றாடப் பேச்சில் புழங்குகின்றன.

அப்புறம், நீ கேட்ட வாசல் படையல். குருத்தோலைத் தட்டில் கிழக்கே வெள்ளைப் பூ, தெற்கே சிவப்பு, மேற்கே மஞ்சள். உள்ளே வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு. உயரத்தில் வைப்பது தெய்வங்களுக்கு. பூத காலாக்களுக்குத் தரையில் சோறு. தொல்லை தருபவர்கள் என்று தெரிந்தும் அவர்களுக்கும் பங்கு உண்டு. அந்த மனசு எனக்கு மிகவும் பிடிக்கும்.

2002 அக்டோபர் 12 அன்று பாலியின் கூட்டா என்ற ஊரில் குண்டு வெடித்து 202 பேர் இறந்தார்கள். காவல்துறை விசாரித்துக்கொண்டிருந்தபோதே, நவம்பர் 15 அன்று அங்கே பெரிய சுத்திகரிப்புச் சடங்கு நடந்தது. குற்றவாளியைப் பிடித்தால் செகாலா சரியாகும். கலங்கிய நிலமும் அலையும் ஆன்மாக்களும் நிஸ்காலாவின் பாடு. இரண்டையும் பார்த்தார்கள். இதை மூடநம்பிக்கை என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை, மலர்.

அந்தப் பாவைகளில் தொந்தியும் கறுப்புமாக ஒன்று இருந்ததா? அது துவாலேன், பாண்டவர் பக்கத்து ஏவலாள். அவர் படம் இருந்தால் முதலில் அதை அனுப்பு.

அன்புடன்,
சித்தி