வேலூர் கோட்டைக்கு ஒரு மாலை நடை வேண்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

எடின்பரோ, லண்டன் போன்ற பழைய நகரங்களில் மாலை நேரத்தில் வழிகாட்டியோடு நடந்தபடியே ஊரின் இருண்ட வரலாற்றைக் கேட்கலாம். வேலூர் கோட்டைக்கும் அப்படியொரு நடை அவசியம் வேண்டும்.

வெயில் தாழ்ந்ததும் கோட்டைக்கு வருகிறவர்கள் அகழியைப் பார்த்து, ஜலகண்டேஸ்வரரைக் கும்பிட்டுவிட்டுக் கிளம்பிவிடுகிறார்கள். 1806 ஜூலை 10 விடியலுக்கு முன் அங்கே என்ன நடந்தது என்பதை யாராவது எடுத்துச் சொல்ல வேண்டாமா? நெற்றியில் சமயக்குறி கூடாது, தாடி கூடாது, தோல் பட்டை வைத்த புதுத் தலைப்பாகை அணிய வேண்டும் என்று இந்தியச் சிப்பாய்களுக்குக் கிழக்கிந்தியக் கம்பெனிப் படையின் உத்தரவு. மறுத்தவர்களுக்குக் கசையடி. சிப்பாய்கள் பொங்கி எழுந்தார்கள். தூக்கத்திலிருந்த வெள்ளைக்காரச் சிப்பாய்கள் பலர் கொல்லப்பட்டார்கள். ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் அதிகாரி கில்லெஸ்பியின் குதிரைப்படை வந்ததும் எல்லாம் தலைகீழானது. கோட்டையிலிருந்த அரண்மனைக்குள் ஒளிந்திருந்த சுமார் 100 சிப்பாய்களை இழுத்துவந்து, சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள். படிக்கும்போதே நெஞ்சு பதறுகிறது.

இலங்கையின் கண்டி அரசின் கடைசி மன்னர் சிறையிருந்து 1832இல் இறந்ததும் இதே வேலூரில்தான்.

கூட்டம் சேர்ப்பதற்காகப் பேய்க்கதைகளைக் கலக்கக் கூடாது. செத்தவர்கள் இரு பக்கத்திலும் மனிதர்கள். ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்களுக்குப் பயிற்சி கொடுத்து, சனி, ஞாயிறு மாலைகளில் தமிழிலேயே நடத்தலாம். பள்ளிப் பிள்ளைகளுக்குக் கட்டணம் வேண்டாம். சுற்றுலாத் துறையும் தொல்லியல் துறையும் சேர்ந்து வரும் ஜூலைக்குள் தொடங்க வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர், வேலூர்