கேன்டர்பரிக்குப் புறப்பட்ட தம்பிக்கு

அன்புள்ள தம்பிக்கு,

முந்தாநாள் ராத்திரி நீ அனுப்பிய போட்டோவைப் பெரிதாக்கிப் பார்த்தேன். சாசரின் 'கேன்டர்பரி கதைகள்' பற்றிய கைடின் பக்கம். கேன்டர்பரிக்கு யாத்திரை போகும் கூட்டம் வழியில் கதை சொல்லிக்கொண்டே போகும் கவிதை நூல் அது. சாசர் ஆங்கிலக் கவிதையின் தந்தை, அவருடைய பாத்திரங்கள் அந்தக் காலச் சமுதாயத்தின் கண்ணாடி, அவருடைய நகைச்சுவை மென்மையானது என்று கைடில் மூன்று வரி. மூன்றுக்கும் பென்சிலால் அடிக்கோடு போட்டிருக்கிறாய். கீழே உன் கேள்வி: "அக்கா, இந்தப் பேப்பரை எப்படித் தேத்துறது?"

உனக்குத் தனியாகவே பதில் போட்டிருக்கலாம். ஆனால் எம்.ஏ. முதல் செமஸ்டரில் இதே இடத்தில் மாட்டிக்கொண்டு நிற்கும் பிள்ளைகள் நிறைய. அவர்களும் படிக்கட்டும் என்று இங்கேயே எழுதுகிறேன்.

அந்த மூன்று வரியில் பொய் எதுவும் இல்லை. நானும் அதைத்தான் படித்தேன். வகுப்பில் நோட்ஸ் சொல்லச் சொல்ல எழுதி, மனப்பாடம் செய்து, பரீட்சையில் கொட்டி, நல்ல மார்க்கும் வாங்கினேன். மூலத்தில் ஒரு வரியைக்கூட வாயால் சொன்னதில்லை. வேலைக்குச் சேர்ந்த முதல் வருஷம் இதையே நான் நடத்த வேண்டி வந்தது. பயத்தில் ராத்திரி உட்கார்ந்து வாய்விட்டுப் படித்துப் பார்த்தேன். அன்றைக்குத்தான் எனக்கு சாசர் அறிமுகம். உனக்கு அத்தனை வருஷம் ஆக வேண்டாம்.

சரி, முதல் இரண்டு வரி. தமிழ் எழுத்திலேயே தருகிறேன், சத்தம் போட்டுச் சொல்.

ஹ்வான் தாட் ஆப்ரில் வித் ஹிஸ் ஷூரெஸ் சோட்டெ
தெ ட்ரூஹ்ட் ஆஃப் மார்ச் ஹாத் பெர்செட் டோ தெ ரோட்டெ

ஏப்ரல் தன் இனிய மழையால் மார்ச்சின் வறட்சியை வேர் வரைக்கும் துளைத்துவிட்டபோது என்பது பொருள். இதைச் சொல்ல உனக்கு எனக்கெல்லாம் நாக்கு ஏற்கெனவே பழகியிருக்கிறது. சாசர் இறந்தது 1400இல். ஆங்கிலத்தின் நெடில் உயிர்கள் பெரிதாக இடம் மாறத் தொடங்கியது அதற்கு அப்புறம்தான். அதனால் அவர் காலத்து ஆங்கிலத்தில் அந்த நெடில்கள் ஆ, ஏ, ஈ, ஓ, ஊ என்று நம் உயிரெழுத்துக்கு ரொம்பப் பக்கத்தில் ஒலிக்கும். இன்றைக்கு 'நைட்' என்கிற வீரன் அன்றைக்கு 'க்னிஹ்ட்'. எழுதியதை எழுதியபடி சொல்லலாம். வரிக் கடைசியில் நிற்கும் 'எ' ஒலியை மட்டும் விழுங்கிவிடாதே. அதை விழுங்கினால் நடை நொண்டும்.

இப்போது அந்த முதல் வாக்கியம் முழுவதையும் பார். 18 வரி, ஒரே வாக்கியம். மழை, வேர், மேலைக் காற்று, இளஞ்சூரியன், ராத்திரி முழுக்கக் கண்ணைத் திறந்துகொண்டே தூங்கும் சின்னப் பறவைகள் என்று 11 வரி போகிறது. பன்னிரண்டாம் வரியில்தான் 'அப்போது ஜனங்களுக்கு யாத்திரை போக ஆசை வருகிறது' என்று வாக்கியம் வந்து இறங்குகிறது. இவ்வளவு நீளமா என்று எழுதியிருந்தாயே, நம் மொழியில் வினைமுற்று கடைசியில்தான் வரும். காத்திருந்து பொருள் கொள்வது நாம் தினமும் செய்வது. அந்தப் பொறுமையோடு படி.

வாக்கியம் முடியும் இடம் இன்னும் அழகு. பதினேழாம் வரி முடிவது 'சேகெ', பதினெட்டாம் வரி முடிவதும் 'சேகெ'. முதலாவதற்குத் தேடுதல் என்று பொருள், இரண்டாவதற்கு நோயுற்ற என்று பொருள். நோயில் கிடந்தபோது உதவிய புனிதரை நலமான பிறகு தேடிப் போகிறார்கள். ஒரே ஒலி மடங்கி வந்து வேறு பொருள் தருவதை நாம் மடக்கு என்று படித்தோமே, அதேதான். யாத்திரைக்கான காரணம் முழுவதும் அந்த ஒரு சொல்லுக்குள் இருக்கிறது.

அவர்கள் தேடிப் போனவர் தாமஸ் பெக்கெட். கேன்டர்பரி பேராயர். 1170 டிசம்பர் 29இல் அவருடைய தேவாலயத்துக்குள்ளேயே நான்கு வீரர்கள் அவரை வெட்டிக் கொன்றார்கள். 1173இல் புனிதர் பட்டம், 1220இல் பெரிய சன்னிதி. அவர் ரத்தம் கலந்தது என்று நம்பப்பட்ட தண்ணீரைச் சின்ன ஈயக் குப்பிகளில் அடைத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டு ஊர் திரும்பினார்கள் ஜனங்கள். 1538இல் எட்டாம் ஹென்றியின் ஆட்கள் அந்தச் சன்னிதியை இடித்துவிட்டார்கள். இன்று அந்த இடத்தில் ஒரு மெழுகுவர்த்தி எரிகிறது. லண்டனுக்குத் தெற்கே சதர்க்கில் யாத்திரிகர்கள் கூடிய டபார்டு விடுதியும் போய்விட்டது. மிச்சம் இருப்பது இந்தச் சுமார் 17,000 வரி.

அப்புறம், நூலின் தொடக்கத்தில் யாத்திரிகர்களை அறிமுகப்படுத்தும் பொது முகவுரையில் வரும் ஆட்கள். கைடு ஆளுக்கு நாலு குணம் பட்டியல் போட்டிருக்கும். அதை மூடிவிட்டு சமையல்காரர் வரும் ஒன்பது வரியை எடுத்துக்கொள். வறுப்பார், அவிப்பார், சுடுவார், பொரிப்பார், குழைய வைத்த கூட்டும் செய்வார் என்று வரிசையாகப் பாராட்டு. நடுவில் திடீரென்று, பாவம், அவர் முழங்காலுக்குக் கீழே ஆறாத புண் ஒன்று இருந்தது என்கிறார் சாசர். அடுத்த வரியே, பிளாங்க்மாஞ்சே செய்வதில் அவர் யாருக்கும் சளைத்தவரில்லை. அது கோழிக்கறியும் அரிசியும் பாதாம் பாலும் சேர்த்துக் குழைத்த வெள்ளைப் பதார்த்தம். புண்ணையும் அந்த வெள்ளைக் குழையலையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துவிட்டு மனுஷர் நகர்ந்துவிடுகிறார். ஒரு வார்த்தை விமர்சனம் கிடையாது. 'மென்மையான நகைச்சுவை' என்று நீ அடிக்கோடு போட்டது இந்த மாதிரி இடத்துக்குத்தான். பரீட்சையில் அந்தச் சொல்லை எழுதுவதற்குப் பதில் இந்த இரண்டு வரியை எழுது.

பாத் ஊர்ப் பக்கத்துப் பெண்மணியிடம் இதைவிடப் பெரிய வேலை செய்திருக்கிறார். முகவுரையில் அவளைப் பற்றிச் சொல்லும் முதல் சங்கதியே அவளுக்குக் காது கொஞ்சம் மந்தம், அது ஒரு குறைதான் என்பது. ஏன் என்று சொல்வதில்லை. நீ மறந்தே போவாய். அப்புறம் அவள் கதை சொல்ல வரும்போது, தன் கதையைவிட நீளமாக, 800க்கும் மேற்பட்ட வரிகளில் தன் வாழ்க்கையைச் சொல்கிறாள். ஐந்து கல்யாணம். ஐந்தாவது புருஷன் ஜான்கின், ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவன். தினமும் ராத்திரி ஒரு புத்தகத்தை எடுத்து வைத்துக்கொண்டு, கெட்ட மனைவிகளின் கதையாக அவளுக்குப் படித்துக் காட்டுகிறான். ஏவாளில் ஆரம்பித்து ஒன்றுவிடாமல். ஒருநாள் பொறுக்க முடியாமல் அந்தப் புத்தகத்திலிருந்து தாளைக் கிழிக்கிறாள். அவன் அறைகிறான். காது போகிறது. தாள் என்பதற்கு 'லேஃப்', செவிடு என்பதற்கு 'டேஃப்'. இரண்டு வரியின் முடிவில் இந்த இரண்டு சொல்லும் இயைபாக நிற்கின்றன. முகவுரையில் போகிறபோக்கில் சொன்ன காதுக்கு அங்கேதான் விடை.

அதே இடத்தில் கேட்கிறாள்: சிங்கத்தை வரைந்தது யார், சொல்? மனுஷன் சிங்கத்தை வெல்வது போல் வரைந்த படத்தைப் பார்த்து சிங்கம் கேட்ட பழைய கேள்வி அது. பெண்கள் கதை எழுதியிருந்தால் ஆண்களின் கொடுமையை எவ்வளவு எழுதியிருப்பார்கள் என்கிறாள். இந்த இடத்தை நடத்தும் ஒவ்வொரு வருஷமும் வகுப்பில் பின்பெஞ்சுப் பெண்கள் நிமிர்ந்து உட்காருவதை நான் பார்க்கிறேன். இவளை எழுதியதும் ஓர் ஆண்தானே என்று ஒரு மாணவி கேட்டாள். சரியான கேள்வி. அதற்கு என்னிடம் அவசரப் பதில் இல்லை. நீயும் வைத்துக்கொண்டு யோசி.

உன் பாடத்திட்டத்தில் முகவுரை மட்டும்தான் இருக்கிறது, தெரியும். அதோடு நிறுத்தாதே என்று கெஞ்சிக் கேட்கிறேன். கதைகள் ஒன்றுக்கொன்று பதில். நைட் முதலில் சொல்கிறார்: ஒரு பெண்ணை இரண்டு வீரர்கள் விரும்பி, தெய்வங்களை வேண்டி, படை திரட்டி மோதும் பெரிய கதை. அடுத்து துறவியைக் கூப்பிடுகிறார், கூடவே வந்து கதை சொல்லும் முறையை நடத்தும் விடுதிக்காரர். அந்தஸ்து வரிசைப்படி அதுதான் முறை. அப்போது குடித்திருக்கும் மாவு மில்காரன், மூக்கு நுனியில் மருவும் அதில் சிவப்பு மயிர்க் கொத்தும் உள்ளவன், குதிரைமேல் சரியாக உட்காரக்கூட முடியாதவன், நைட்டின் கதைக்கு நான் கணக்குத் தீர்க்கிறேன் என்று கத்துகிறான். அவன் சொல்வதும் ஒரு பெண்ணை இரண்டு ஆண்கள் விரும்பும் கதைதான். ஆனால் நடப்பது ஒரு தச்சன் வீட்டில், ஜன்னல் வழியாக, வெட்கமில்லாமல். தச்சுவேலை பழகிய ரீவ், அதாவது பண்ணை மேற்பார்வையாளன், அதில் கோபப்பட்டு, பதிலுக்கு ஒரு மில்காரன் ஏமாறும் கதை சொல்கிறான். வரிசை உடைந்ததுதான், அப்புறம் சேரவே இல்லை. முகம் சுளிப்பவர்களிடம் சாசர் சொல்வது இவ்வளவே: பக்கத்தைப் புரட்டி வேறு கதையை எடுத்துக்கொள்ளுங்கள்.

அந்தக் கத்தலை 1381ஐ மனதில் வைத்துக்கொண்டு கேள். அந்த வருஷம் ஜூனில் கென்ட், எசெக்ஸ் குடியானவர்கள் தலைவரிக்கு எதிராகக் கிளம்பி லண்டனுக்குள் நுழைந்தார்கள். அப்போது கேன்டர்பரி பேராயராக இருந்த சைமன் சட்பரியின் தலை போனது. சாசர் அந்தச் சமயம் கம்பளி ஏற்றுமதிச் சுங்கத்தில் அதிகாரி. அவர் குத்தகைக்கு எடுத்திருந்த வீடு ஆல்ட்கேட் என்ற நகர வாசலுக்கு மேலேயே இருந்தது. அதற்குப் பிறகு சில வருஷம் கழித்து எழுதத் தொடங்கிய நூலில், வரிசையை மதிக்காத ஒரு மில்காரனுக்கு இரண்டாவது இடம் கிடைக்கிறது.

எல்லாக் கதையும் இப்படி மனதுக்கு நெருங்கும் என்று சொல்லமாட்டேன். மடத்துத் தலைவி சொல்லும் கதை யூதர்கள் மேல் வெறுப்பைக் கொட்டுவது. 1290இலேயே யூதர்களை இங்கிலாந்திலிருந்து துரத்தியாகிவிட்டது. நூறு வருஷம் கழித்து, பக்கத்தில் யாரும் இல்லாத ஊரிலும் அந்த வெறுப்பு பக்திக் கதையாக ஓடுகிறது. எலிப்பொறியில் அகப்பட்ட எலிக்கு அழும் பெண் அவள் என்று முகவுரை சொல்கிறது. இரண்டையும் சேர்த்துப் படி. 'அந்தக் காலம் அப்படி' என்று ஒரு வரி எழுதித் தாண்டிப் போகாதே.

பாவமன்னிப்புச் சீட்டு விற்பவன் சொல்லும் கதை உனக்கு முன்பே தெரிந்ததாக இருக்கும். மூன்று குடிகாரர்கள் சாவைக் கொல்லப் போகிறார்கள். மரத்தடியில் பொற்காசுக் குவியல் கிடைக்கிறது. இளையவன் போய் மதுவில் விஷம் கலந்து வருகிறான், மற்ற இருவர் அவனைக் குத்திவிட்டு அதையே குடிக்கிறார்கள். புத்தரின் முற்பிறவிக் கதைகளில் ஒன்றான, பாலி மொழி வேதப்ப ஜாதகத்தில் இதே கதை உண்டு. அங்கே மதுவுக்குப் பதில் சோறு. அவ்வளவு தூரம் நடந்து போன கதையில் சாசர் புதிதாக வைத்தது ஒரு கிழவரை. அந்தக் குடிகாரர்கள் வழியில் பார்க்கும் கிழவர். சாக முடியாமல் அலைகிறார். நிலம் தன் தாயின் வாசற்கதவு என்று சொல்லி, காலையும் மாலையும் கைத்தடியால் அதைத் தட்டுகிறார். 'லேவெ மோடெர், லேட் மே இன்.' அன்பான அம்மா, என்னை உள்ளே விடு. 1348இல் தொடங்கிய கொள்ளைநோய் ஜனத்தொகையில் பெரும்பங்கை வாரிக்கொண்டு போன நாட்டில், சாவு மறுத்துவிட்ட ஒருவர். என் பாட்டி கடைசி வருஷத்தில் திண்ணையில் உட்கார்ந்து, எமன் என் விலாசத்தைத் தொலைத்துவிட்டான் என்பார். அந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தத் திண்ணை ஞாபகம்.

கடைசியில் ஒரு விஷயம், இது பரீட்சைக்கும் உதவும். பங்குக் குருவின் முறை வரும்போது, நான் தென்பகுதிக்காரன், 'ரும், ராம், ருஃப்' என்று எழுத்து எழுத்தாய் அடுக்கத் தெரியாது என்பார். அடிக்குறிப்பு இதை அலிட்டரேஷன் என்று சொல்லிவிட்டுப் போய்விடும். மோனை என்று புரிந்துகொள். சாசர் காலத்திலேயே லாங்லண்ட் என்ற கவிஞர் எழுதிய 'பியர்ஸ் பிளௌமன்' என்ற நீண்ட கவிதை மோனையில்தான் ஓடுகிறது: 'இன் எ சோமெர் செசோன், ஹ்வான் சோஃப்ட் வாஸ் தெ சொன்னெ'. பழைய ஆங்கிலக் கவிதை முதலெழுத்தால் கட்டப்பட்டது. சாசர் பிரெஞ்சு, இத்தாலியக் கவிதைகளைப் படித்துவிட்டு வரி முடிவில் இயைபு வைத்து, இரண்டிரண்டு வரியாய் நடத்தினார். இரண்டு மரபும் ஒரே நாட்டில் ஒரே சமயத்தில் இருந்தன. மோனையும் இயைபும் காதில் ஊறிய பிள்ளைக்கு இதில் பாதிப் பாடம் முடிந்த மாதிரி.

புத்தகம் வாங்கக் காசு செலவழிக்காதே. என்னிடம் இருக்கும் ரிவர்சைடு பதிப்பைத் தருகிறேன், அடியிலேயே சொற்பொருள் இருக்கும். என் பென்சில் குறிப்புகளைப் பார்க்காமல் முதல் தடவை படி. சந்தேகச் சொல்லுக்கு மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் இடைக்கால ஆங்கில அகராதி இணையத்தில் இலவசம். இன்றைய அகராதியை நம்பாதே, அவர் 'நைஸ்' என்றால் முட்டாள் என்று பொருள்.

இன்றைக்கு ராத்திரி சாப்பிட்டுவிட்டு, மொட்டை மாடிக்குப் போய், முதல் 18 வரியைச் சத்தமாகப் படித்து எனக்கு வாய்ஸ் மெசேஜ் அனுப்பு. தப்பு வந்தால் வரட்டும். 'ட்ரூஹ்ட்'டில் அந்த 'ஹ்' மட்டும் கேட்க வேண்டும்.

அன்புடன்,
அக்கா