புலனத்தில் சுற்றும் 'கனவுக்கால மயக்கம்'

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு வணக்கம்.

'கனவுக்கால மயக்கம்' என்றொரு தூக்க நோய் பரவுகிறதாம். வந்தவருக்குக் கனவில் ஒரு நிமிடம் ஒரு வருடமாக நீளுமாம். விழித்தாலும் கிழமை தெரியாதாம். புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) இப்படி ஒரு செய்தி சுற்றி வருகிறது. மருத்துவத்தில் அப்படி ஒரு நோய் கிடையாது. ஆனால் செம்பனை (எண்ணெய்ப்பனை) ஆலையில் இரவு ஷிப்ட் பார்ப்பவரும் இருட்டில் பால்மரம் (ரப்பர்) வெட்டிப் பால் எடுக்கப் போகிறவரும் 'எனக்கும் அப்படித்தான் இருக்கு' என்றால், அதற்குக் காரணம் உண்டு.

கனவு நொடியில் முளைத்து முடிவது என்பது பழைய நம்பிக்கை. கட்டில் சட்டம் கழுத்தில் விழுந்த கணத்தில், பிரெஞ்சுப் புரட்சியையே பார்த்துக் கடைசியில் தன் தலையும் வெட்டுப்பட்டதாக 1861இல் பிரெஞ்சு அறிஞர் அல்ஃபிரட் மோரி எழுதினார். 1957இல் சிகாகோவில் தூக்க ஆய்வாளர்கள் டிமென்ட்டும் கிளைட்மேனும் இதைச் சோதித்தார்கள். மூடிய இமைக்குள் கண்மணி ஓடும் கனவுறக்கம் தொடங்கி 5ஆவது அல்லது 15ஆவது நிமிடத்தில் ஆளை எழுப்பி, இரண்டில் எது என்று கேட்டார்கள். 111 தடவையில் 92 தடவை சரியான பதில் வந்தது. ஆகக் கனவின் கடிகாரம் பெரும்பாலும் ஒழுங்காகத்தான் ஓடுகிறது. காட்சிதான் தாவுகிறது. லயத்து (தோட்டக் குடியிருப்பு) வாசலில் நின்றவர் அடுத்த கணம் பத்துமலைப் படியில் நிற்பார். நடுவில் பஸ் ஏறிய கதையே இருக்காது. விழித்தபின் அந்த இடைவெளியை நாம்தான் மணிக்கணக்காக நிரப்பிக்கொள்கிறோம்.

தூக்கம் ஏறக்குறைய 90 நிமிடச் சுற்றுகளாக வருகிறது. முதல் சுற்றில் கனவுறக்கம் சில நிமிடமே; விடியும் நேரச் சுற்றில் அரை மணியைத் தாண்டும். நம் 4.30 மணி அலாரம் அதன் நடுவில்தான் விழுகிறது. (குளிர்ந்த நேரத்தில்தான் பால் நன்றாக வடியும்; மரத்துக்கு யார் ஷிப்ட் மாற்றுவது?) 'ஸ்னூஸ்' தட்டினால் தொல்லை கூடும். ஐபோனில் அது வழக்கமாக 9 நிமிடம். அதற்குள் தூங்குபவர் கனவில் பெரட்டு (காலை ஆள் கணக்கு) முடிந்து, நிரை வெட்டி, பால் எடுத்து வீடு திரும்பிவிடுவார். மறுபடி மணி அடிக்கும். பார்த்தால் போர்வைக்குள் கிடப்பார். அலாரம் ஒன்றே போதும், எழுந்து நடந்தால்தான் கைக்கு எட்டும் இடத்தில்.

சம்சு (மலிவுச் சாராயம்) குடித்துப் படுத்தால் முன்னிரவில் கனவுறக்கம் அமுங்கி, பின்னிரவில் அடர்ந்து வரும். இரத்த அழுத்தத்துக்குத் தரும் புரோபிரனோலோல் மாத்திரையும் சிலருக்குக் கொடுங்கனவைக் கிளப்பும். மருத்துவரைக் கேட்காமல் நிறுத்தக் கூடாது. இரவு ஷிப்ட் முடிந்து காலை 8 மணிக்குப் படுப்பவர், பின்னிரவு 2 மணிக்குப் பிறகு காப்பியைத் தொடாதிருப்பது நல்லது. தகரக் கூரை காய்வதற்குள் முதல் மூன்று மணி நேரமாவது தூங்கிவிட வேண்டும்.

சந்தேகம் இருந்தால் 14 நாள் குறிப்பு எழுதுங்கள். தலைமாட்டில் ஒரு நோட்டு. படுக்குமுன்பே மறுநாள் தேதியையும் கிழமையையும் எழுதி வைத்துவிடுங்கள். எழுந்ததும் படுத்த நேரம், விழித்த நேரம், ஷிப்ட், குடித்தது, மாத்திரை, கனவு இரண்டே வரி, அது எவ்வளவு நேரம் போலிருந்தது என்பவை. பலர் பசியாறிவிட்டு எழுதுகிறார்கள். அதற்குள் கனவு கரைந்திருக்கும், மிச்சத்தை மனம் இட்டுக்கட்டும். ஓய்வு நாளில் மதியம் வரை தூங்கியதை எழுதாமல் விடுபவர்களும் உண்டு. கோளாறு பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.

விழித்தும் உடம்பு அசையாமல் நெஞ்சை அழுத்துவதை நாம் 'அமுக்குவான்' என்கிறோம். கனவுறக்கத்தில் தளர்ந்த தசை விழிக்கச் சற்றுப் பிந்துகிறது, அவ்வளவுதான். சில நிமிடத்தில் விலகும். ஆனால் பகலில் அடக்க முடியாத தூக்கம், சிரித்தால் முழங்கால் மடங்குவது, கனவில் கண்டதை நடந்ததாகவே பேசுவது மூன்றும் சேர்ந்தால் நார்கோலெப்சி என்ற தூக்க நோயாக இருக்கலாம். 50 வயதைத் தாண்டியவர் கனவோடு சேர்ந்து உதைத்துக் கட்டிலிலிருந்து விழுந்தாலும் மருத்துவரிடம் காட்டத்தான் வேண்டும். சிலருக்கு அது பார்க்கின்சன் நோயின் முன்னறிகுறி.

அரசாங்க கிளினிக்கில் மலேசியக் குடிமக்களுக்குக் கட்டணம் 1 ரிங்கிட். நோட்டைக் கையோடு கொண்டுபோங்கள். அங்கே போய்க் கனவுக் கதையில் தொடங்க வேண்டாம். 'மோட்டார் ஓட்டும்போது கண் சொருகுது, டாக்டர்' என்று தொடங்குங்கள்.

இப்படிக்கு,
பணி ஓய்வு பெற்ற தோட்ட மருத்துவ உதவியாளர்கள் இருவர்,
சுங்கை சிப்புட், பேராக்.