சாவி தண்ணீருக்கு, தாழ்ப்பாள் மரத்துக்கு

திருப்பாதிரிப்புலியூர்,
ஞாயிறு மாலை.

அன்புள்ள கலியபெருமாளுக்கு,

உன் கடிதமும் பேரன் வரைந்த படமும் வந்தன. கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. சொட்டு மருந்தை நேரத்துக்குப் போடு, தலைக்குக் குளிக்க அவசரப்படாதே. இங்கே எல்லோரும் சுகம். கடிகாரக் கடையை இன்னும் திறக்கிறேன். வருகிறவர்கள் பேட்டரி மாற்றத்தான் வருகிறார்கள். எப்போதாவது யாராவது அப்பா கட்டியிருந்த எச்எம்டி ஜனதாவைக் கொண்டுவந்து வைத்தால் அன்றைக்கு எனக்குத் தீபாவளி.

படத்துக்கு வருகிறேன். மரத்துக்குள் பல்சக்கரம், கிளையில் ஸ்பிரிங், விழுதில் பெண்டுலம். இப்படி ஒரு மெஷின் ஓடுமா என்று என்னைக் கேட்கச் சொன்னானாம். கை நல்ல கை. ஆனால் அவன் படத்தில் மரம் சும்மா நிற்கிறது, வேலையெல்லாம் பித்தளை பார்க்கிறது. மரத்தைப் பிடுங்கிவிட்டுக் கம்பம் நட்டாலும் அது ஓடும். அப்புறம் மரம் எதற்கு?

கடிகாரத்தில் மெயின்ஸ்பிரிங் விசை தருகிறது. எஸ்கேப்மென்ட் அதைப் பிடித்துப் பிடித்து விடுகிறது. விசையை யார் கொடுத்தாலும் சரி, 'இப்போது விடு' என்று சொல்கிறவன்தான் முதலாளி. அந்த நாற்காலியை மரத்துக்குக் கொடுக்கவேண்டும் என்பது என் கட்சி.

மரம் செடிகளுக்கு அந்தத் தகுதி உண்டு. 1729இல் தெ மெய்ரான் என்ற பிரெஞ்சுக்காரர், இலை மூடித் திறக்கும் செடி ஒன்றை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெயிலே படாமல் அது பகலில் விரித்தது, இரவில் மூடிக்கொண்டது. எனக்கு அதைவிடப் பிடித்தது அடிமரத்தின் சங்கதி. பகலில் இலை வழியே தண்ணீர் போகப் போக அடிமரம் மயிரிழை அளவு சுருங்கும். இரவில் வேர் உறிஞ்சியதும் மறுபடி பருக்கும். மயிரிழை அசைவை நெம்புகோல் போட்டுப் பெரிதாக்குவது எங்கள் தொழிலில் ஆகாத காரியமா? அறையின் வெப்பம் ஒரு டிகிரி ஏறி இறங்கினால் இரண்டு நாள் ஓடுகிற அட்மோஸ் கடிகாரமே இருக்கிறது.

எங்கே வைப்பது? பிச்சாவரத்தில். ஒரு காலத்தில் அங்கே சுரபுன்னைக் காட்டை, அதாவது உப்புத் தண்ணீரில் நிற்கும் கண்டல் மரக் காட்டை, பகுதி பகுதியாக மொட்டையடித்தார்கள். வெயில் பட்ட சேறு காய்ந்து அமுங்கித் தொட்டியாகிவிட்டது. ஏறி வந்த தண்ணீர் திரும்ப வழியில்லாமல் தேங்கி, வற்றி, உப்பு மிஞ்சி, புதுக் கன்று பிழைக்கவில்லை. 1990களில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் மீன்முள் மாதிரி வாய்க்கால் வெட்டி ஓதத்தை, அதாவது ஏறி இறங்கும் கடல் தண்ணீரை, உள்ளே விட்டார்கள். மறுபடி காடு வந்தது. ஆனால் வாய்க்கால் என்றால் தூர்ந்துபோகும், வாரிக்கொண்டே இருக்கவேண்டும். என் மெஷினுக்கு அதுதான் வேலை.

வாய்க்கால் வாயில் ஒரு பலகை மதகு. சாவி கொடுப்பது ஓதம்: தண்ணீர் ஏறும்போது மிதவை ஒன்று எடைக்கல்லைத் தூக்கி வைக்கும். நம் கரையில் ஓதம் ஒரு மீட்டர்கூட ஏறாது, ஆனாலும் நாளுக்கு இரண்டு தடவை ஏறுகிறதே. தாழ்ப்பாள் மட்டும் பக்கத்துக் கண்டல் மரத்தின் இடுப்பில். மரம் நன்றாக இருக்கும்வரை மதகு திறந்தே கிடக்கும். உப்பு மிஞ்சினால் வேர் தண்ணீர் இழுக்கத் திணறும். இரவிலும் அடிமரம் பழைய பருமனுக்கு வராது. அந்தக் குறை தாழைத் தள்ளும். ஏற்றத்தின் உச்சியில் மதகு விழுந்து தண்ணீரைப் பிடித்து வைக்கும். வெளியே நன்றாக வற்றியதும் எடைக்கல் மதகைத் தூக்கும். அடைபட்டது ஒரே பாய்ச்சலில் ஓடிச் சேற்றை அரித்துக்கொண்டு போகும்.

மரம் வருஷா வருஷம் பருக்குமே, கணக்கு தப்பாதா என்பாய். அதற்கு ஒரு ராட்செட், ஒரு பக்கமாக மட்டும் நகரும் பல்சக்கரம். பருத்தால் ஒரு பல் நகரும், சுருங்கினால் நகராது. எவ்வளவு பருத்ததோ அங்கிருந்துதான் சுருக்கத்தை அளக்கும். இந்த இடத்தை யோசித்து முடித்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

பித்தளை அந்த உப்புக்காற்றில் பச்சை பூத்துவிடும். மரத்திலேயே சக்கரம் வெட்டவேண்டும். இங்கிலாந்துக் கடிகாரக்காரர் ஜான் ஹாரிசன் தச்சர்தானே? 1720களில் அவர் செய்த மரக் கடிகாரத்தில் எண்ணெய்ப்பசை உள்ள கட்டையையே பேரிங்காகப் போட்டார், எண்ணெய் விடவே வேண்டாம். தில்லை மரத்தை மட்டும் தொடமாட்டேன். அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. நீயும் அந்தப் பக்கம் போகாதே.

புயலுக்கு என்ன செய்வதென்றுதான் பிடிபடவில்லை. 2011 தானே புயலில் பண்ருட்டிப் பக்கம் பலாவும் முந்திரியும் கிடந்த கோலத்தைச் சேர்ந்துதானே பார்த்தோம். மரம் சாய்ந்தால் தாழ்ப்பாளும் போச்சு. ஒரு மதகுக்கு ஒரு மரம் போதாது, நாலைந்தைச் சேர்த்துக் கட்டவேண்டும். அப்போது எந்த மரத்தின் பேச்சைக் கேட்பது? இதைப் பேரனிடம் கேட்டுப் பார்.

மாசி மகத்துக்குத் தேவனாம்பட்டினம் வருவாய் அல்லவா? அவனையும் கூட்டி வா. மறுநாள் பிச்சாவரம் போகலாம், துடுப்புப் படகில். மோட்டார் படகு வேண்டாம், அது குறுகலான வாய்க்காலுக்குள் போகாது.

உன்,
தணிகாசலம்