கூண்டு கேட்டு மனுப் போடும் முன்: பூங்கா ஓரக் குடியிருப்புகளின் தமிழ் நிர்வாகிகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தலைவர், செயலாளர், கமிட்டி உறுப்பினர்களுக்கு,

வணக்கம். முலுண்ட், கோரேகான், போரிவலி, தாணே கோட்பந்தர் சாலை என மும்பையின் சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவை ஒட்டிய வளாகங்களில் ஒரு மனு சுற்றுகிறது. வாசல் சிசிடிவியில் சிறுத்தை தெரிந்தது, வனத்துறை உடனே கூண்டு வைத்துப் பிடித்துப் போக வேண்டும் என்பது அதன் சாரம். அதில் கையெழுத்துப் போட வேண்டாம் என்று கேட்கவே இந்த மடல். பிள்ளைகள் கீழே விளையாடும் இடத்தில் பயம் வருவது நியாயம். ஆனால் கூண்டு வைத்தால் ஆபத்து கூடும்.

வளர்ந்த சிறுத்தைக்குத் தனக்கென்று ஓர் எல்லை உண்டு. எந்தச் சந்தில் எத்தனை மணிக்கு ஆள் நடமாட்டம் ஓயும், எங்கே நாய் படுக்கும் என்பதெல்லாம் அதற்கு அத்துப்படி. அதைப் பிடித்துக் கொண்டுபோனால் அந்த எல்லை காலியாக இருக்காது. இடம் தேடி அலையும் இளசுகள் வந்து சேரும்; அவற்றுக்கு இந்த ஊரின் பழக்கம் தெரியாது. கொண்டுபோன சிறுத்தையும் விட்ட இடத்தில் தங்காது. 2009-ல் அகமத்நகர் மாவட்டத்தில் கிணற்றில் விழுந்த அஜோபா என்ற ஆண் சிறுத்தையை மீட்டு, கழுத்தில் ஜிபிஎஸ் பட்டை கட்டி மால்ஷேஜ் மலைப்பகுதியில் விட்டார்கள். அது சுமார் 120 கிலோமீட்டர் நடந்து, சாலைகளையும் ரயில் பாதையையும் கடந்து, நம் பூங்காவுக்கே வந்து சேர்ந்தது.

புணே மாவட்டத்து ஜுன்னர் வட்டாரம் இன்னும் கசப்பான பாடம். அங்கே ஆண்டுக்குச் சராசரி 4 ஆக இருந்த மனிதர் மீதான தாக்குதல், 2001 முதல் 2003 வரை சிறுத்தைகளைப் பெருமளவில் பிடித்து வேறிடங்களில் விட்ட காலத்தில் 17 ஆனது. வனவிலங்கு ஆய்வாளர் வித்யா ஆத்ரேயாவும் உடன் ஆய்வாளர்களும் இதைப் பதிவு செய்திருக்கிறார்கள். 2004-ல் மும்பையில் பல உயிர்கள் போனதற்கும், வெளியே பிடித்த சிறுத்தைகளை இந்தப் பூங்காவில் கொண்டுவந்து விட்டதற்கும் தொடர்பு உண்டென்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். 2011-ல் மத்திய அரசு வெளியிட்ட வழிகாட்டுதலும் இடமாற்றத்தைத் தீர்வாக ஏற்கவில்லை. வாசலில் நடந்து போனது என்பது மட்டும் பிடிப்பதற்குக் காரணமாகாது.

சரி, என்ன செய்யலாம்? முதலில் கச்சரா, அதாவது குப்பை. சிறுத்தை உங்கள் வளாகத்துக்கு வருவது பெரும்பாலும் நாய்க்காக. நாய் வருவது ஈரக் குப்பைக்காக. இரவு எட்டு மணிக்கே குப்பைப் பையை வாசலில் வைத்துவிட்டு, காலை வண்டி வரும்வரை அப்படியே விடுவதுதான் அழைப்பிதழ். மூடியுள்ள டிரம்மில் போட்டு, கம்பிவலைக் கதவுள்ள அறையில் பூட்டி, வண்டி வந்த பிறகே வெளியே எடுங்கள். நாளொன்றுக்கு 100 கிலோவுக்கு மேல் குப்பை சேரும் வளாகம் என்றால் ஈரக் கழிவை உள்ளேயே மக்கவையுங்கள். கறிக்கடை, கோழிக்கடைக் கழிவு மதில் பின்னால் கொட்டப்படுகிறதா என்று பாருங்கள். நாங்கள் பார்த்த வரை, அதைக் கவனிக்கும் கமிட்டி அபூர்வம்.

நாய்களைப் பிடித்து எங்கோ விட முடியாது. 2023-ன் விலங்குக் கருத்தடை விதிகளின்படி கருத்தடையும் தடுப்பூசியும் போட்டுப் பிடித்த இடத்திலேயே விட வேண்டும். சோறு வைப்பவர்களோடு சண்டை வேண்டாம். ஓரிடம் குறித்துக் கொடுங்கள், பகலில் வைக்கட்டும், மிச்சத்தை இருட்டும் முன் அள்ளட்டும்.

மதிலை உயர்த்தி, கண்ணாடிச் சில்லு பதிப்பது வீண் செலவு. இரையோடு மரமேறும் விலங்குக்கு மதில் ஒரு பொருட்டல்ல. உள்ளே வந்தது வெளியேற வழி தெரியாமல் மிரளும்போதுதான் உண்மையான ஆபத்து. அந்தப் பணத்தில் வாசலிலிருந்து பஸ் நிறுத்தம் வரை விளக்குப் போடுங்கள். நடைபாதையின் இருபுறமும் உண்ணிச்செடிப் புதரைத் தாழ வெட்டுங்கள். மரங்களைத் தொட வேண்டாம்.

இருட்டிய பிறகு குழந்தைகள் தனியே போகக் கூடாது. நிமிர்ந்து நடக்கும் பெரியவரை சிறுத்தை பெரும்பாலும் தவிர்க்கும். குனிந்தோ குந்தியோ இருப்பவர் அதன் கண்ணுக்குச் சிறிய இரையாகத் தெரியலாம். அதனால்தான் கழிப்பறை இல்லாமல் திறந்தவெளிக்குப் போகிறவர்களுக்கு ஆபத்து அதிகம். மதிலுக்கு அந்தப் பக்கம் இருக்கும் பாடாவில் (பழங்குடிக் குடியிருப்பில்) கழிப்பறைக்குக் கதவும் தண்ணீரும் விளக்கும் இல்லையென்றால் உங்கள் வளாகமும் நிம்மதியாக இருக்காது.

சிறுத்தை படிக்கட்டுக்குள்ளோ பார்க்கிங்கிலோ புகுந்துவிட்டால், எல்லாரும் கதவைச் சாத்திக்கொள்ளுங்கள், அது வெளியே போகும் வழியை மட்டும் திறந்து வையுங்கள், வனத்துறையின் 1926-க்கு அழையுங்கள். செல்ஃபோனோடு கூட்டம் கூடுவதுதான் ஆளைக் கொல்லும். மயக்க ஊசி பட்டதும் விலங்கு சாய்ந்துவிடாது. மருந்து ஏறச் சில நிமிடங்கள் பிடிக்கும், அதற்குள் அது எந்தப் பக்கமும் பாயலாம்.

இன்னொன்று, மனுவில் இல்லாதது. பூங்காவை ஒட்டிய ஆரேயிலும் பூங்காவின் ஓரங்களிலும் வார்லி பழங்குடி மக்களின் புலித் தெய்வமான வாகோபா இருக்கிறார். கல்லிலோ மரப்பலகையிலோ புலி உருவம், கூடவே சூரியனும் சந்திரனும், மேலே செந்தூரப் பூச்சு. நம் ஊர் எல்லைச் சாமியை அறிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மகாராஷ்டிரத்தில் 150-க்கும் மேற்பட்ட வாகோபா கோயில்களை 2021-ல் வெளியான ஓர் ஆய்வு பதிவு செய்தது. சிறுத்தை அங்கேதான் இருக்கும் என்று ஏற்று, அதற்கு முறைப்படி மரியாதை செய்து, அதோடு ஒரே காட்டில் வாழும் ஒப்பந்தம் இது. தீபாவளியை ஒட்டி வரும் வாக்பாரஸ் அன்று அவருக்குப் படையல். மதில் கட்டும்போது அந்தக் கல்லைப் பெயர்த்து நகர்த்தாதீர்கள். டைல்ஸ் ஒட்டி 'அழகுபடுத்தவும்' வேண்டாம். உங்கள் மனைக்குள் அகப்பட்டிருந்தால், வாக்பாரஸ் அன்று பாடாக்காரர்களுக்கு வாசலைத் திறந்துவிடும்படி செக்யூரிட்டியிடம் சொல்லி வையுங்கள்.

மனு அனுப்பியே ஆக வேண்டுமென்றால் வனத்துறைக்கு வேண்டாம். மாநகராட்சி வார்டு அலுவலகத்துக்கு அனுப்புங்கள்: பாடாவின் பொதுக் கழிப்பறைக்கு விளக்கு, தினசரி கச்சரா வண்டி, நாய்களுக்குக் கருத்தடை முகாம். அதில் முதல் கையெழுத்து எங்களுடையது.

இப்படிக்கு,
பூங்கா ஓரத்தில் விழிப்புணர்வுப் பணி செய்யும் தமிழர் சிலர்,
மும்பை