சாலையைத் திறந்த பிறகும் வந்து பாருங்கள்

நெடுஞ்சாலைகளைத் திட்டமிடும் பொறியாளர்களுக்கும், அந்தத் திட்டங்களுக்குக் கையெழுத்திடும் அதிகாரிகளுக்கும்,

வணக்கம்.

போக்குவரத்துப் பொறியியல் ஆய்வில் இருப்பவன் என்ற உரிமையில் இதை எழுதுகிறேன். கேட்க வந்தது ஒன்றுதான், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு நெடுஞ்சாலையைத் திறந்துவிட்ட பிறகு, அது நினைத்தபடி வேலை செய்கிறதா என்று அளந்து பாருங்கள். அளந்ததை எல்லோரும் படிக்கும்படி வெளியிடுங்கள். அதற்கு வேண்டிய பணத்தைத் திட்ட மதிப்பீட்டிலேயே ஒதுக்கிவிடுங்கள்.

கட்டுமானத்தின்போது நாம் எதைத்தான் சோதிக்காமல் விடுகிறோம்? மண்ணின் தாங்குதிறனைச் சோதிக்கிறோம். கான்கிரீட் கட்டிகளை 28 நாள் தண்ணீரில் வைத்து, பிறகு நசுக்கிப் பார்க்கிறோம். போட்ட தார்த் தளத்தைத் துளைத்தெடுத்துத் தடிமனை அளக்கிறோம், குறைந்தால் ஒப்பந்ததாரருக்குப் பணம் பிடிக்கிறோம். ஆனால் அந்த வளைவில் வண்டிகள் உண்மையில் என்ன வேகத்தில் திரும்புகின்றன, நடுத்தடுப்பில் வண்டிகள் கடக்க விட்ட திறப்பு எத்தனை பேரைச் சிக்கலில் மாட்டுகிறது என்பதைப் பார்க்கப் பெரும்பாலான இடங்களில் ஆள் கிடையாது. திறப்பு விழா முடிந்ததும் கோப்பும் மூடப்படுகிறது.

உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, 2021-இல் மட்டும் சுமார் 11 லட்சத்து 90 ஆயிரம் பேர் உலகச் சாலைகளில் இறந்தார்கள். 5 வயது முதல் 29 வயது வரை உள்ளவர்களின் சாவுக்கு முதல் காரணமே சாலைதான். இறப்பவர்களில் பாதிக்கு மேல் நடந்து போனவர்கள், சைக்கிளில் போனவர்கள், பைக்கில் போனவர்கள். இத்தனை உயிர்கள் போகும் ஒரு விஷயத்தில், நாம் கட்டியது பலன் தந்ததா என்று திரும்பிப் பார்க்காமல் அடுத்த டெண்டருக்குப் போய்விடுவது எனக்குப் பொறுக்கவில்லை.

விபத்துப் பதிவேடுகளைப் படிப்பது என் வேலையில் ஒரு பகுதி. பெரும்பாலும் 'காரணம்' என்ற கட்டத்தில் ஒரே வாசகம்தான் இருக்கும்: ஓட்டுநரின் கவனக்குறைவு, இல்லாவிட்டால் அதிவேகம். பொய் என்று சொல்லவில்லை. ஆனால் பொறியாளருக்கு அதை வைத்துச் செய்ய எதுவும் இல்லை. எந்தத் தடத்தில் மோதினார்கள், விளக்கு எரிந்ததா, எதிரே வருவது எவ்வளவு தூரத்திலிருந்து தெரிந்திருக்கும், பக்கத்தில் பேருந்து நிறுத்தம் இருந்ததா என்று எதுவும் இருக்காது. இடம்கூடப் பல பதிவுகளில் 'இன்ன ஊர் அருகில்' என்பதோடு நின்றுவிடும். அந்த 'அருகில்' என்பதற்குள் ஒரு வளைவு, ஒரு பாலம், இரண்டு திறப்புகள் இருக்கின்றன.

வில்லியம் ஹாடன் என்ற மருத்துவர் 1966-இல் அமெரிக்க அரசின் சாலைப் பாதுகாப்பு அமைப்புக்கு முதல் தலைவராக வந்தவர். அவர் தந்த அட்டவணை இன்றும் இத்துறையின் அரிச்சுவடி. விபத்துக்கு முன், விபத்தின்போது, விபத்துக்குப் பின் என்று மூன்று வரிசை. மனிதர், வண்டி, சூழல் என்று மூன்று பத்தி. ஆக ஒன்பது கட்டங்கள், ஒவ்வொன்றிலும் ஓர் உயிரைக் காப்பாற்ற ஒரு வாய்ப்பு. நம் பதிவேடு ஒரே ஒரு கட்டத்தை நிரப்பிவிட்டு முடித்துக்கொள்கிறது.

வேகத்தையே எடுத்துக்கொள்வோம். மணிக்கு 100 கிலோமீட்டரில் போகும் கார் ஒரு நொடிக்குக் கிட்டத்தட்ட 28 மீட்டர் நகர்கிறது. ஆபத்தைக் கண்டு, உணர்ந்து, பிரேக்கில் கால் வைக்க இரண்டரை நொடி என்பது வடிவமைப்பில் பரவலாகக் கொள்ளும் கணக்கு. அதற்குள்ளேயே 70 மீட்டர் போய்விடும். முழுதாக நிற்க மொத்தம் 185 மீட்டர் வேண்டும். ராத்திரியில் டிம் வெளிச்சம் அவ்வளவு தூரம் எட்டாது. பின்விளக்கு எரியாத ஒரு லாரி சாலையோரத்தில் பாதி உள்ளே, பாதி வெளியே நின்றால், கவனமாக ஓட்டுகிறவரும் அதில் போய் மோதுவார். பதிவேட்டில் அவர் பெயருக்கு நேரே கவனக்குறைவு என்றுதான் ஏறும்.

சராசரி வேகம் 1 சதவீதம் கூடினால் உயிரிழப்பு விபத்துக்கான வாய்ப்பு ஏறத்தாழ 4 சதவீதம் கூடும் என்று உலக சுகாதார நிறுவனமும் சொல்கிறது. எனவே ஒரு சாலையை அகலப்படுத்தும்போது கூடவே வேகமும் எவ்வளவு கூடுகிறது என்பது உயிர் பற்றிய கேள்வி. 80 என்று பலகை வைத்துவிட்டு, 120-இல் பறக்கத் தோதாகத் தடத்தைப் போட்டால் ஓட்டுநர் பலகையைப் பார்க்க மாட்டார், தடத்தைத்தான் பார்ப்பார். திறந்த பிறகு வேகத்தை அளந்தால்தான் இது நமக்குத் தெரியவே வரும்.

சரி, விபத்து நடக்கட்டும், எண்ணிக்கை சேரட்டும், பிறகு ஆராயலாம் என்று காத்திருக்க வேண்டுமா? வேண்டியதில்லை. மோதல் நடக்காமல் தப்பிய தருணங்களை எண்ணும் முறை 1960-களின் கடைசியிலேயே ஜெனரல் மோட்டார்ஸ் ஆய்வாளர்களால் உருவாக்கப்பட்டு, பிறகு சுவீடனின் லுண்ட் பல்கலைக்கழகத்தில் செப்பனிடப்பட்டது. அன்று ஆட்கள் சந்திப்பில் உட்கார்ந்து குறிப்பெடுத்தார்கள். இன்று ஒரு கம்பத்தில் கேமரா போதும்.

அப்படி ஒரு காட்சியில் நாங்கள் பார்ப்பது இதுதான். நடுத்தடுப்பின் திறப்பில் ஒரு பைக் பாதி கடந்து நிற்கிறது. ஒதுங்கி நிற்க அங்கே இடம் விடப்படவில்லை, தடுப்பின் அகலம் பைக்கின் நீளத்தைவிடக் குறைவு. முன்சக்கரம் எதிர்ப்பக்க வேகத் தடத்துக்குள் நீட்டிக்கொண்டிருக்கிறது. அந்தத் தடத்தில் வரும் லாரி பிரேக் போடுகிறது. லாரிக்குப் பின்னால் வரும் காருக்கு பைக் தெரியவே தெரியாது, லாரி காரணமில்லாமல் நின்றதுபோல்தான் தெரியும், சட்டென்று பக்கத்துத் தடத்துக்கு ஒடிக்கிறது. அங்கே வந்த இன்னொரு பைக் ஓரத்து மண்ணில் இறங்கித் தப்புகிறது. எல்லோரும் போய்விடுகிறார்கள். எந்தப் பதிவேட்டிலும் இது வராது. ஒருவர் விலகிய இடத்துக்கு இன்னொருவர் வந்து சேர எத்தனை நொடி ஆயிற்று என்று வீடியோவை ஒவ்வொரு சட்டகமாக நிறுத்தி அளப்போம். ஒன்றரை நொடிக்குக் கீழே போனால் கடுமையான மோதல் நிலை என்று குறிப்போம். ஒரே வாரப் பதிவில் இப்படிப்பட்டவை திரும்பத் திரும்ப ஒரே புள்ளியில் விழுந்தால், ஒருவர் சாகும்வரை காத்திருக்காமல் அந்தத் திறப்பை மாற்றிவிடலாம்.

அளப்பதிலும் ஒரு பொறி இருக்கிறது, அதில் பல நாட்டுத் துறைகளும் விழுந்திருக்கின்றன. ஓர் ஆண்டில் விபத்து மிக அதிகமாக நடந்த இடத்தைத் தேர்ந்தெடுத்து ஏதோ ஒன்றைச் செய்கிறோம். அடுத்த ஆண்டு எண்ணிக்கை குறைகிறது. நாம் செய்தது பலித்தது என்று அறிக்கை போகிறது. ஆனால் விபத்து எண்ணிக்கை ஆண்டுக்கு ஆண்டு தானாகவே ஏறி இறங்கும். உச்சத்தில் இருந்தபோது தேர்ந்தெடுத்தால், எதுவும் செய்யாமலே அது இறங்கத்தான் வாய்ப்பு அதிகம். காய்ச்சல் உச்சத்தில் இருக்கும்போது கொடுத்த மாத்திரைக்கெல்லாம் நல்ல பெயர் கிடைப்பதுபோலத்தான் இது. எஸ்ரா ஹாவர் என்ற கனடிய ஆய்வாளர் பல ஆண்டுகள் இதையே வலியுறுத்தினார். அதே வகைச் சாலைகளில் சராசரியாக என்ன நடக்கிறது என்பதையும் அந்த இடத்தின் சொந்த வரலாற்றையும் சேர்த்து எடைபோடும் முறையை அவர் சாலைப் பாதுகாப்பில் நிலைநிறுத்தினார். 2010-இல் வெளிவந்த அமெரிக்க நெடுஞ்சாலைப் பாதுகாப்புக் கையேட்டின் அடிப்படைகளில் அதுவும் ஒன்று. இதைச் செய்ய ஒப்பீட்டுக்கு மாற்றம் செய்யாத சாலைகளின் தரவும் வேண்டும். அதனால்தான் தரவைப் பூட்டி வைக்காதீர்கள் என்று கெஞ்சுகிறேன்.

துணிந்து அளந்தவர்களுக்கு என்ன கிடைத்தது என்றும் சொல்ல வேண்டும். அமெரிக்காவின் மினியாபொலிஸ், செயின்ட் பால் நகரங்களில் விரைவுச்சாலை நுழைவுகளில் வண்டிகளை ஒவ்வொன்றாக உள்ளே விடும் சிக்னல்கள் இருந்தன. காத்திருந்து சலித்த மக்கள் எதற்கு இது என்று கேட்டார்கள். 2000-இல் மின்னசோட்டா சட்டமன்றம் ஆய்வுக்கு உத்தரவிட, சுமார் 430 சிக்னல்களையும் சில வாரம் அணைத்தே வைத்துப் பார்த்தார்கள். விரைவுச்சாலையின் கொள்திறன் 9 சதவீதம் குறைந்தது, பயண நேரம் 22 சதவீதம் கூடியது, விபத்துகள் 26 சதவீதம் கூடின. சிக்னல்கள் திரும்ப வந்தன, ஆனால் மக்களின் குறையையும் கேட்டுக் காத்திருக்கும் நேரத்தைக் குறைத்தார்கள். வாக்குவாதத்தில் ஆண்டுக்கணக்காக இழுத்திருக்க வேண்டியதை சில வாரச் சோதனை தீர்த்துவைத்தது.

சுவீடனில் 13 மீட்டர் அகலச் சாலைகளில் நேருக்கு நேர் மோதல்கள் ஓயாமல் நடந்தன. நான்கு வழியாக்கப் பணமில்லை. இருந்த அகலத்திலேயே மூன்று தடம் போட்டு, நடுவே கம்பித் தடுப்பு இழுத்து, ஓவர்டேக் செய்யும் தடத்தை இரு பக்கத்துக்கும் மாறி மாறிக் கொடுத்தார்கள். முதல் சாலை 1998-இல் வந்தது. கம்பித் தடுப்பு பைக் ஓட்டுநர்களை வெட்டிவிடும் என்ற அச்சம் உட்படப் பல எதிர்ப்புகள் எழுந்தன. முடிவுகளை அளந்து வெளியிட்டார்கள்: உயிரிழப்பு மூன்றில் இரண்டு பங்குக்கும் மேல் குறைந்திருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் இம்முறை ஆயிரக்கணக்கான கிலோமீட்டருக்குப் பரவியது. மலேசியாவின் கூட்டரசு நெடுஞ்சாலையில் மோட்டார் சைக்கிளுக்குத் தனித்தடம் அமைத்ததும் அப்படித்தான். விபத்து எவ்வளவு குறைந்தது என்று ஆய்ந்து எழுதியதால்தான் அது மற்ற நாடுகளுக்கும் பாடமாயிற்று.

எவ்வளவு வண்டிகள் வரும் என்ற கணிப்பையும் பெரும்பாலும் திரும்பிப் பார்ப்பதில்லை. டென்மார்க் ஆய்வாளர் பென்ட் ஃப்ளூபியர்க்கின் குழு 2005-இல் வெளியிட்ட ஆய்வில் 183 சாலைத் திட்டங்களைப் பார்த்தார்கள். அவற்றில் பாதியில், முன்பு கணித்த போக்குவரத்துக்கும் உண்மையில் வந்ததற்கும் 20 சதவீதத்துக்கு மேல் வித்தியாசம். கணித்தவர்களிடம் யாரும் திரும்பக் கேட்காவிட்டால் கணிப்பு எப்படித் திருந்தும்? இங்கிலாந்தின் நெடுஞ்சாலைத் துறை தன் பெரிய திட்டங்களைத் திறந்த ஓராண்டிலும், ஐந்தாம் ஆண்டிலும் மதிப்பிட்டு வெளியிடுகிறது. கணிப்பு தவறிய இடங்களும் அதில் இருக்கின்றன. அதனால் அந்தத் துறை கவிழ்ந்துவிடவில்லை.

உங்கள் தயக்கம் எனக்குப் புரிகிறது. குறையை எழுதி வைத்தால் நாளை வழக்கில் அதையே எடுத்து நீட்டுவார்கள், வடிவமைத்தவர் மேல் பழி விழும் என்ற பயம் உண்மையானது. அதற்கு வழி, மதிப்பீட்டை ஒருவரின் குற்றத்தைத் தேடும் விசாரணையிலிருந்து பிரித்து, தனி அமைப்பிடம் கொடுப்பது. விமானத் துறை இதைப் பல பத்தாண்டுகளாகச் செய்துவருகிறது.

எல்லாவற்றையும் ஒரேயடியாகத் தொடங்க முடியாது என்பதும் தெரியும். ஆனால் ஒன்றைத் தள்ளிப்போட முடியாது. 'முன்பு' எப்படி இருந்தது என்ற தரவை, வேலை தொடங்கிய பிறகு எங்கே போய் எடுப்பது? ஆகவே இப்போது டெண்டர் நிலையில் இருக்கும் ஒவ்வொரு சாலைக்கும், இயந்திரங்கள் வந்து இறங்கும் முன், சந்திப்புகளில் ஒரு வாரம் கேமரா வையுங்கள். வேகத்தைப் பகலிலும் இரவிலும் அளந்துகொள்ளுங்கள். கால்நடையாகக் கடப்பவர்களை அவர்கள் உண்மையில் கடக்கும் இடத்தில் எண்ணுங்கள். பழைய விபத்துகளுக்குச் சரியான இடக்குறியீட்டைக் காவல்துறையோடு உட்கார்ந்து பதியுங்கள். அப்புறம் அந்தத் தரவை எங்களுக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் திறந்துவிடுங்கள். அலசி எழுதித் தரக் கைகள் நிறைய இருக்கின்றன.

அன்புடன்,
போக்குவரத்துப் பொறியியல் ஆய்வாளர் ஒருவர்